தவணையில் மாற்றம் இல்லை

ஜூன் 3, செவ்வாய்

இவ்வளவு நாள் வாயை மூடிக்கொண்டிருந்தது போதும்.

தலைமைப் பதிப்பாசிரியர் நாற்காலியை எனக்குப் பின்னால் வந்தவருக்குக் கொடுத்தார்கள். பேசவில்லை. குடியிருப்போர் சங்கத் தேர்தலில் நாற்பத்தெட்டு வீட்டுக்கு எனக்கு விழுந்தது ஐந்து ஓட்டு. அதில் ஒன்று என்னுடையது, இன்னொன்று என் மனைவியுடையது என்று நம்புகிறேன். அப்போதும் பேசவில்லை. வங்கிக்கு ஆள் பிடித்துக் கொடுக்கும் வேலையிலிருந்த மைத்துனன் இந்த வீட்டுக்கடனை என் தலையில் கட்டிவிட்டுக் கமிஷனோடு போனான். அதற்கும் பேசவில்லை. இன்று வங்கியின் முறை. இனிப் பேசுவேன்.

நடந்தது இது. அலுவலகத்தில் வரிக் கழிவுக்காக வீட்டுக்கடன் கணக்கு விவரம் கேட்டார்கள். மதியம் வங்கிக்குப் போய் ஒரு தாளை வாங்கினேன். படியிறங்கும்போதே படித்தேன். கடைசி வரி: பாக்கித் தவணைகள் 174.

எனக்கு 108 இருக்க வேண்டும். நாற்பது வயதில் இருபது வருடக் கடன். முடியும்போது அறுபது. வேலையிலிருந்து ஓய்வு பெறும் மாதமும் கடைசித் தவணை போகும் மாதமும் ஒன்று. பதினொரு வருடமாக ஒரு மாதம் தவறவில்லை, ஒரு நாள் தாமதமில்லை. பிறகு எங்கிருந்து வந்தன இந்த அறுபத்தாறு?

திரும்பப் போய்க் கேட்டேன். கவுண்டரில் இருந்தவர் தலையை நிமிர்த்தவில்லை. "ஸ்க்ரீன்ல அப்படித்தான் சார் காட்டுது."

பத்திரிகைக்குப் பகிரங்கக் கடிதம் எழுதப் போகிறேன். அடியில் பெயர், இரண்டு பட்டங்கள், முழு முகவரி. யாருக்கும் பயந்தவனில்லை.

ஜூன் 4, புதன்

கடிதத்துக்குத் தலைப்புக் கிடைத்துவிட்டது: 'பட்டப்பகலில்'. கடிதம் இன்னும் வரவில்லை.

ஜூன் 5, வியாழன்

திட்டுவதற்கு முன் கணக்கைக் கையில் வைத்துக்கொள்ள வேண்டும். பாடப்புத்தகக் கம்பெனியில் இருபத்தாறு வருடம் மெய்ப்புத் திருத்துகிறவன். ஆதாரமில்லாமல் ஒரு காற்புள்ளியைக்கூட நகர்த்தமாட்டேன்.

சாப்பாட்டு நேரத்தில் பழைய மெய்ப்புத் தாள்களின் பின்பக்கத்தில் மாதம் மாதமாகப் போட ஆரம்பித்தேன். கடன் முப்பது இலட்சம். வட்டி எட்டரை சதவீதம். தவணை 26,035. முதல் மாதம் கட்டியதில் 21,250 வட்டிக்குப் போயிருக்கிறது. அசலில் குறைந்தது 4,785.

இது எனக்குத் தெரியாததா? முதலில் வட்டி அதிகம், பிறகு அசல் அதிகம் — தெரியும். மழை பெய்யும் என்று தெரிவது வேறு, நனைவது வேறு.

கணிதப் பிரிவு அம்மா எட்டிப் பார்த்தார். "என்ன சார், தமிழ்ப் பிரிவுல எண்ணெல்லாம் ஓடுது?"

"சொந்த வேலை."

"கூட்டு வட்டியா? எட்டாம் வகுப்புப் புத்தகத்துல இருக்கே. அந்தப் பாடத்தை மூணு பதிப்புக்கு நீங்கதானே சார் மெய்ப்புப் பாத்தீங்க?"

"எழுத்தைத்தான் பாத்தேன்."

"அதானே! மாத்திரை டப்பாவுல பேரை மட்டும் படிச்சுட்டு முழுங்குற மாதிரி" என்று சிரித்துக்கொண்டே போனார். இந்த அம்மாவுக்கு என்றைக்குமே என்னைக் கண்டால் ஏளனம்.

ஜூன் 8, ஞாயிறு

முடிந்தது. நூற்று முப்பத்திரண்டு வரி. இரண்டு தடவை சரிபார்த்தேன்.

முதல் இரண்டு வருடம் கணக்கு நேராக ஓடுகிறது. மூன்றாவது வருடத் தொடக்கத்தில் வட்டி எட்டரையிலிருந்து ஒன்பதே முக்காலுக்குப் போயிருக்கிறது. தவணை மட்டும் அதே 26,035. அந்த மாதம் வட்டிக்கே 23,362 போய்விட்டது. அசலுக்குப் போனது 2,673. என் மூக்குக்கண்ணாடிக்கு நான் கொடுத்தது அதைவிட அதிகம்.

இதுவரை கட்டியது: 34,36,620.
அசலில் குறைந்தது: 5,84,115.
இன்னும் நிற்பது: 24,15,885.

முப்பது வாங்கி, முப்பத்துநாலு கட்டி, இருபத்துநாலு பாக்கி. இதை எழுதும்போது வெறுமனே இருந்தது, அவ்வளவுதான். இப்படியே போனால் மொத்தம் எழுபத்தொன்பதரை இலட்சம் கட்டியிருப்பேன். வயது அறுபத்தைந்தரை ஆகியிருக்கும். சம்பளம் அறுபதில் நின்றுவிடும். நடுவில் ஐந்தரை வருடம் எதை வைத்துக் கட்டுவது?

மனைவி அறைக்குள் வந்து தாள்களைப் பார்த்தாள். அவளுக்குக் கண்ணாடிக் கடையில் கண்ணளவு எடுக்கும் வேலை. தூரத்திலிருந்தே எதையும் படித்துவிடுவாள்.

"வீட்டுக்கடனா?"

"சும்மா பாத்தேன்."

"ஞாயித்துக்கிழமைக் காய்கறிகூட வாங்கப் போகாத அளவுக்குச் சும்மாவா?"

தாள்களைக் கவிழ்த்து வைத்தேன். அவளும் வற்புறுத்தவில்லை. மகள் வேறு ஊருக்கு வேலைக்குப் போனபிறகு இந்த வீட்டில் யாரும் யாரையும் வற்புறுத்துவதில்லை.

ஜூன் 10, செவ்வாய்

அரை நாள் விடுப்பு. சண்டைக்கென்றே இஸ்திரி போட்ட சட்டை.

கடன் பிரிவு அதிகாரி ஒரு பெண். சண்டை போட வாகான முகமில்லை. உட்காரச் சொன்னார், தண்ணீர் வேண்டுமா என்று கேட்டார். என் நூற்று முப்பத்திரண்டு வரியையும் ஒன்று விடாமல் பார்த்தார்.

"கரெக்டா போட்டிருக்கீங்க சார். எங்க கணக்கும் இதேதான்."

அதுதான் எரிச்சல். தப்பு என்று சொல்லியிருந்தால் பேசியிருப்பேன்.

"வட்டி ஏறினா என்கிட்ட சொல்ல வேண்டாமா?"

"உங்களோடது மாறுற வட்டி சார், ஒப்பந்தத்துலயே இருக்கு. ஏறும்போது ரெண்டு வழி. தவணையைக் கூட்டலாம், இல்ல காலத்தை நீட்டலாம். உங்களுக்குக் கடிதம் அனுப்பியிருக்கோம். முப்பது நாள்ல நீங்க ஒண்ணும் சொல்லலைன்னா காலம் தானா நீளும்."

"ஒண்ணும் சொல்லலைன்னா?"

"சம்மதம்னு எடுத்துக்குவோம்."

பேசாமல் இருப்பதை என் பெருந்தன்மை என்று நினைத்திருந்தேன். இவர்கள் அதற்குப் பெட்டியில் ஒரு 'டிக்' போட்டு வைத்திருக்கிறார்கள்.

"இப்ப புதுசா வர்றவங்களுக்கு என்ன வட்டி?"

கொஞ்சம் தயங்கினார். "எட்டரை."

"எனக்கு மட்டும் ஒன்பதே முக்காலா? பதினொரு வருஷமா ஒழுங்காக் கட்டினவனுக்கு?"

"மாத்திக் கேட்டவங்களுக்கு மாத்திக் குடுத்திருக்கோம் சார். ஒரு படிவம், கொஞ்சம் கட்டணம். நீங்க கேக்கவே இல்லையே."

கேட்டவர்களுக்குக் கொடுத்திருக்கிறார்கள். நான் வாழ்க்கையில் யாரிடமும் எதையும் கேட்டதில்லை. அதைப் பெருமையாக வேறு சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

அப்படியொரு கடிதம் எனக்கு வரவே இல்லை என்று அடித்துச் சொல்லிவிட்டு வந்தேன்.

அதே நாள், மாலை

கடிதம் இருக்கிறது. வீட்டுக் கோப்பில், தேதி வரிசையில், ஓட்டை போட்டுக் கோத்து வைத்திருக்கிறேன். ஒன்பது வருடத்துக்கு முந்தையது.

முதல் வரி தடித்த எழுத்தில்: 'உங்கள் மாதத் தவணையில் மாற்றம் இல்லை.' அதை நான் பேனாவால் இரண்டு முறை அடிக்கோடிட்டிருக்கிறேன். ஓரத்தில் 'பார்த்தேன்' என்று எழுதிச் சுருக்கொப்பம் போட்டிருக்கிறேன். மூன்றாவது பத்தியில் கடன் காலம் நீளும் என்று இருக்கிறது. தவணையைக் கூட்ட விரும்பினால் முப்பது நாளுக்குள் தெரிவிக்கவும் என்றும் இருக்கிறது. அங்கே என் பேனா போகவே இல்லை.

எவ்வளவு கூட்டியிருக்க வேண்டும்? போட்டுப் பார்த்தேன். மாதம் 2,253. அதைக் கூட்டியிருந்தால் கடன் அறுபதிலேயே முடியும். மொத்தத்தில் ஐந்து இலட்சத்துக்குள்தான் அதிகம் போயிருக்கும். கூட்டாமல் விட்டதற்குப் பதினேழு இலட்சம். அசலில் குறையாமல் நிற்கிற ஒவ்வொரு காசுக்கும் கடைசி மாதம்வரை வட்டி ஓடிக்கொண்டிருக்கிறது. ஏறியது தெரியாமல் ஏற்றுவதுதான் அவர்கள் சாமர்த்தியம் என்று பத்திரிகைக் கடிதத்தில் எழுத நினைத்தேன். ஆனால் எனக்குத்தான் தெரிவித்திருக்கிறார்களே. தாளில், என் மொழியில், நான் ஒப்பம் போட்ட இடத்துக்கு மூன்று விரல் கீழே.

'பட்டப்பகலில்' இன்னும் எழுதவில்லை.

ஜூன் 13, வெள்ளி

மைத்துனனுக்குத் தொலைபேசியில் பேசினேன். நானாக அவனை அழைத்து ஆறு வருடம் இருக்கும். "அத்தான்! உடம்பெல்லாம் நல்லா இருக்கா?" என்று பதறினான். நான் அழைத்தால் சாவுச் செய்தி என்று நினைக்கிற அளவுக்கு வைத்திருக்கிறேன்.

"இந்தக் கடனுக்கு நீ எவ்வளவு கமிஷன் வாங்கினே?"

சிரித்தான். "பதினோரு வருஷம் கழிச்சுக் கேக்குறீங்களே. வாங்கினேன். அதுலதான உங்களுக்கு மர அலமாரி வாங்கிக் குடுத்தேன்? அக்கா சொல்லலையா?"

அந்த அலமாரியில்தான் கோப்பு இருந்தது.

"வட்டி ஏறினா காலம் நீளும்னு ஏன் சொல்லலே?"

"சொன்னேனே அத்தான். கையெழுத்துப் போட்ட அன்னைக்கே சொன்னேன். வருஷத்துக்கு ஒரு தவணை கூடக் கட்டுங்க, மூணரை வருஷம் முன்னாடியே முடிஞ்சுடும்னேன். நீங்க என்ன சொன்னீங்க தெரியுமா? 'ஆள் பிடிக்கிறவன் எனக்குக் கணக்கு சொல்லித்தர வேண்டாம்'னீங்க."

சொல்லியிருப்பேன். என் வாய்க்கு அது பொருந்தித்தான் இருக்கிறது.

வருடத்துக்கு ஒரு தவணை கூட. போட்டுப் பார்த்தேன். எட்டரையிலேயே நின்றிருந்தால் இருபது வருடம் பதினாறரையாகியிருக்கும். படுபாவி, சரியாகத்தான் சொல்லியிருக்கிறான்.

ஜூன் 15, ஞாயிறு

இதை எழுதாமல் தள்ளிப்போட்டேன். எழுதிவிடுகிறேன்.

அந்தக் கடிதம் வந்த அதே வருடம் மாமனார் வீட்டை விற்றுப் பங்கு பிரித்தார்கள். மனைவிக்கு ஐந்து இலட்சம் வந்தது. அவள் அந்தக் காசோலையைக் கொண்டுவந்து மேசையில் வைத்து, "இதைக் கடன்ல கட்டிடலாமா?" என்று கேட்டாள். நல்ல மனதோடுதான் கேட்டாள்.

நான் சொன்னது: "உங்க அப்பா வீட்டுக் காசுல என் வீட்டுச் சுவர் நிக்க வேண்டாம்."

அவள் காசோலையை எடுத்துக்கொண்டு போனாள். தன் பெயரில் வங்கியில் நிரந்தர வைப்பாகப் போட்டாள். அதைப்பற்றி அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை.

இன்று அந்த ஐந்தை அந்த வருடக் கணக்கில் கழித்துப் பார்த்தேன். நூற்றுப் பதினான்கு தவணை குறைகிறது. ஒன்பதரை வருடம். கட்டாமல் மிச்சமாகியிருக்கக்கூடியது இருபத்தொன்பது இலட்சத்துச் சொச்சம். இன்னும் ஐந்து வருடத்தில் கடன் முடிந்து, வீட்டுப் பத்திரம் என் கையிலிருக்கும்.

வங்கி பதினேழு இலட்சத்தை எடுத்ததென்று கோபப்படுகிறேன். இது என் ஒரு வாக்கியத்தின் விலை. இதற்கு எந்தப் பத்திரிகைக்கு எழுதுவது?

அந்த வைப்பு இப்போது ஒன்பது இலட்சம் தாண்டியிருக்கும்.

ஜூன் 16, திங்கள்

கேட்கவில்லை.

ஜூன் 17, செவ்வாய்

இன்றும் கேட்கவில்லை. அவள் குழம்பில் உப்பு குறைவா என்று கேட்டாள். "எல்லாம் சரி" என்றேன். சரியில்லை.

ஜூன் 18, புதன்

காலையில் லிப்டில் மேல்மாடி ஓட்டுநர் நின்றிருந்தார். பேருந்து ஓட்டுகிறவர். நாங்கள் இருவரும் ஒரே வருடம் ஒரே வங்கியில் கடன் வாங்கி இங்கே குடிவந்தவர்கள். அவருடையது பதினைந்து வருடக் கடன். எனக்கு விழுந்த ஐந்து ஓட்டில் அவருடையது ஒன்று என்று அவரே பிறகு சொன்னார்.

"சார், இன்னும் நாலே வருஷம்! கடன் முடியுது, நானும் ஸ்டியரிங்கை விட்டுடறேன். இடுப்பு போச்சு சார். டாக்டர் இப்பவே விடுங்கன்றார். நாலு வருஷம் பல்லைக் கடிச்சுட்டுப் போயிடலாம்னு இருக்கேன்."

நாலு இல்லை. வட்டி எனக்கு ஏறிய மாதமே அவருக்கும் ஏறியிருக்கும். மனதிலேயே தோராயமாகப் போட்டேன். ஆறு வருடம் வரும்.

"கடன் விவரம் வாங்கிப் பாத்தீங்களா?" என்றேன்.

"எதுக்கு சார்? அன்னைக்கு மீட்டிங்ல நீங்கதான் சொல்லிட்டீங்களே."

லிப்ட் கீழே வந்துவிட்டது. அவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு இறங்கிப் போனார். நான் லிப்டுக்குள்ளேயே நின்றேன். கதவு மூடி, யாரோ அழுத்தி, மறுபடி என் ஏழாம் மாடிக்கே போனேன்.

மீட்டிங். மறந்தே போயிருந்தேன். இல்லை, மறக்கவில்லை, வேறு விதமாக ஞாபகம் வைத்திருந்தேன். ஒன்பது வருடத்துக்கு முன் அந்தக் கடிதம், இதே வங்கியில் கடன் வாங்கிய எல்லா வீட்டுக்கும் வந்தது. சங்கக் கூட்டத்தில் ஓட்டுநர் எழுந்து, "சார் படிச்சவங்க, இது என்னன்னு பாத்துச் சொல்லுங்க" என்று என்னிடம் நீட்டினார். நான் எழுந்து, எல்லோருக்கும் கேட்கும்படி வாசித்தேன்: "உங்கள் மாதத் தவணையில் மாற்றம் இல்லை." பிறகு என் சொந்த விளக்கம்: "வெளியே வட்டி ஏறினாலும் நமக்கு ஏறாது. ஒண்ணும் மாறல. கோப்புல வச்சுடுங்க." கைதட்டினார்கள். இந்தக் கட்டிடத்தில் எனக்குக் கைதட்டிய ஒரே தடவை.

அந்தக் கைதட்டலைத்தான் இத்தனை வருடம் எண்ணிக்கொண்டிருந்தேன். இவ்வளவு சொல்லிக்கொடுத்தும் ஐந்தே ஓட்டு போட்டார்களே, நன்றிகெட்டவர்கள் என்று.

ஜூன் 19, வியாழன்

நாற்பத்தெட்டு வீடு. எத்தனை பேர் கடிதத்தைக் கோப்பில் வைத்தார்கள்?

ஜூன் 22, ஞாயிறு

கேட்டேன்.

காலை காப்பிக்குப் பிறகு, அவள் செய்தித்தாளை மடித்துக்கொண்டிருக்கும்போது. முதலில் எண்களைச் சொன்னேன். 174 தவணை, அறுபத்தைந்தரை வயது, எல்லாம்.

"சரி. இப்ப என்ன செய்யணும்?"

"வட்டியை எட்டரைக்கு மாத்தச் சொல்லிப் படிவம் குடுத்தா நூத்தி அம்பத்திரண்டுக்கு வரும். இன்னும் ஒரு பெரிய தொகையை அசல்ல கட்டினா..."

"கட்டினா?"

"எழுபத்தாறு. அம்பத்தேழு வயசுல முடிஞ்சுடும்."

"பெரிய தொகைன்னா எங்கேருந்து?"

தெரிந்தேதான் கேட்டாள். கண்ணாடிக் கடையில், கீழ்வரிசை எழுத்தை வாசிக்க முடியாதவர்களை அவசரப்படுத்தாமல் காத்திருப்பாளே, அப்படிக் காத்திருந்தாள்.

"உன்னோட டெபாசிட்..."

"ம்."

"அன்னைக்கு நான் அப்படிச் சொல்லியிருக்கக்கூடாது."

"எப்படி?"

சொல்ல வைத்தாள். அந்த வாக்கியத்தை முழுதாக, என் வாயாலேயே மறுபடி. சொன்னேன். சொல்லி முடித்ததும் அவள் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு, "அடுத்த வருஷமாவது கேப்பீங்கன்னு நினைச்சேன். அதுக்கடுத்த வருஷமும் நினைச்சேன். அப்புறம் நினைக்கறதை விட்டுட்டேன்" என்றாள்.

மடித்த செய்தித்தாளைக் கீழே வைத்தாள். "தர்றேன். ஆனா சும்மா இல்ல."

"என்ன?"

"கடன் முடிஞ்சு பத்திரம் கைக்கு வர்ற அன்னைக்கு, பாதி என் பேருக்கு எழுதணும். இப்பவே தாள்ல எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க. எங்க அப்பா காசு சுவர்ல நிக்கும்போது, எம் பேரு பத்திரத்துல நிக்கட்டும்."

"என்மேல நம்பிக்கை இல்லையா?"

"கண்ணு பாக்கறவ நானு. சின்ன எழுத்தைப் படிக்காதவர் நீங்க. நம்பிக்கையைப் பத்தி நீங்க பேசாதீங்க."

சிரித்துவிட்டாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. யோசித்துச் சொல்கிறேன் என்று எழுந்துவிட்டேன். யோசிக்கிறாராம்! பிச்சை கேட்கப் போனவன் பாத்திரம் சரியில்லை என்ற கதை.

ஜூன் 24, செவ்வாய்

பத்திரத்தில் அவள் பெயர். இதில் எனக்கு என்ன போகிறது? உட்கார்ந்து பட்டியல் போட்டேன். பட்டியலில் ஒன்றுகூட விழவில்லை. ஆனாலும் உறுத்துகிறது.

ஜூன் 25, புதன்

எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். இரண்டு முறை படித்தாள். மூன்றாவது பத்தியையும் படித்தாள்.

ஜூன் 27, வெள்ளி

இருவரும் வங்கிக்குப் போனோம். அதே அதிகாரி. வட்டி மாற்றும் படிவம், கட்டணம், பிறகு ஒன்பது இலட்சம் அசலில். "தவணையைக் குறைக்கணுமா, காலத்தைக் குறைக்கணுமா?" என்று கேட்டார். நான் வாயைத் திறக்குமுன் மனைவி, "காலம்" என்றாள். எழுத்தில் வேண்டும் என்றும் கேட்டு வாங்கிக்கொண்டாள்.

புதுத் தாள்: பாக்கித் தவணைகள் 76.

படியில் அதிகாரியைப் பற்றி ஏதாவது குறை சொல்லலாமென்று தேடினேன். கிடைக்கவில்லை. "கடிதம் வரவே இல்லைன்னு நான் சொன்னதை அந்த அதிகாரி ஞாபகம் வச்சிருப்பாங்களா?" என்று கேட்டேன்.

"அவங்களுக்கு உங்களை மாதிரி தினம் பத்துப் பேர்."

ஆறுதலா, அடியா என்று தெரியவில்லை.

என் கணக்கு முடிந்தது. 'பட்டப்பகலில்' இனி எதற்கு என்றும் தோன்றியது. வீடு அறுபதுக்கு முன் மீண்டுவிடும், வாயை மூடிக்கொண்டு இருக்கலாம். ஓட்டுப் போடாதவர்கள் அவரவர் கடிதத்தை அவரவர் படித்துக்கொள்ளட்டும். — இதை எழுதிவிட்டு அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். இடுப்பைப் பிடித்துக்கொண்டு இறங்கிய ஆள் ஓட்டுப் போட்டவர்.

ஜூன் 29, ஞாயிறு

மேல்மாடிக்குப் போனேன். பதினொரு வருடத்தில் முதல் தடவை. ஓட்டுநரும் அவர் மனைவியும் நாற்காலியைத் துடைத்துப் போட்டார்கள். அது இன்னும் கஷ்டமாக இருந்தது.

அவருடைய கடிதத்தை எடுக்கச் சொன்னேன். பிளாஸ்டிக் உறைக்குள் பத்திரமாக வைத்திருந்தார், நான் சொன்னபடியே. மூன்றாவது பத்தியை உரக்க வாசித்துக் காட்டினேன். பிறகு கணக்கு. நாற்பத்தெட்டு தவணை இல்லை, எழுபத்தொன்று அல்லது எழுபத்திரண்டு. நாலு வருடம் இல்லை, ஆறு.

அவர் மனைவி, "அப்படின்னா இன்னும் ஆறு வருஷம் வண்டி ஓட்டணுமா?" என்று அவரைப் பார்த்துக் கேட்டார். என்னைப் பார்த்துக் கேட்டிருக்கலாம்.

"நான் அன்னைக்குத் தப்பாச் சொல்லிட்டேன்" என்றேன். "முதல் வரியை மட்டும் படிச்சேன்."

திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டியிருந்தால் எழுந்து வந்திருப்பேன், பழைய கணக்கில் இன்னொரு மனவருத்தத்தைச் சேர்த்துக்கொண்டு. அவர் கடிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "நீங்க சொன்னதை நான் எத்தனை பேருக்குச் சொன்னேன் தெரியுமா சார்? டிப்போவுல பதினாலு பேர் இந்தப் பேங்க்லதான் வாங்கியிருக்காங்க. 'எங்க பில்டிங்ல ஒரு படிச்ச சார் இருக்கார், ஒண்ணும் மாறலைன்னுட்டார்'னு அத்தனை பேருக்கும் சொன்னேன்."

வட்டி கூடுவது மாதிரியே இதுவும் கூடியிருக்கிறது.

படிவம் எங்கே கிடைக்கும், என்ன கேட்க வேண்டும், தவணையை எவ்வளவு கூட்டினால் நாலு வருடத்துக்குப் பக்கத்தில் வரும் என்று எல்லாம் எழுதிக் கொடுத்தேன். அவருடைய மகன் மாதம் கொஞ்சம் தருவானாம். கிளம்பும்போது, "மத்தவங்களுக்கும் சொல்லணுமே சார். நான் சொன்னா எனக்கு விளக்கத் தெரியாது" என்றார்.

ஜூலை 2, புதன்

இன்று அலுவலகத்தில் மெய்ப்பு குறைவு. ஒரு தாள் எழுதினேன். பத்திரிகைக்கு இல்லை, கீழே லிப்ட் பக்கத்தில் இருக்கும் அறிவிப்புப் பலகைக்கு. வங்கியைத் திட்டி ஒரு வார்த்தை இல்லை. திட்ட நிறைய இருக்கிறது, ஆனால் திட்டு இருந்தால் திட்டை மட்டும் படித்துவிட்டுப் போய்விடுவார்கள். என் எண்களை அப்படியே போட்டேன். கட்டியது இவ்வளவு, குறைந்தது இவ்வளவு, நிற்பது இவ்வளவு. 'பாக்கித் தவணை எத்தனை' என்று வங்கியில் எழுத்தில் கேளுங்கள். புதியவர்களுக்கு என்ன வட்டி என்று கேளுங்கள். கேட்டால்தான் குறைப்பார்கள். கையில் பணம் வந்தால் அசலில் கட்டுங்கள், அது யார் வீட்டுப் பணமாக இருந்தாலும்.

கணிதப் பிரிவு அம்மாவிடம் காட்டினேன். எண்களைச் சரிபார்த்தார். ஏளனம் எதுவும் இல்லை. "சார், இதுல ஒரு பிரதி எனக்கு வேணும்" என்று மட்டும் சொன்னார். அவருக்கும் அதே மாதிரிக் கடன்தானாம். கணக்கு தெரிந்தவர், தன் தாளை இதுவரை வாங்கிப் பார்க்கவில்லை.

வீட்டில் மனைவி படித்தாள். கடைசிப் பத்தியில் கொஞ்சம் நின்றாள். அது இது: 'ஒன்பது வருடங்களுக்கு முன் சங்கக் கூட்டத்தில் ஒருவர் எழுந்து, ஒன்றும் மாறவில்லை, கோப்பில் வைத்துவிடுங்கள் என்று சொன்னார். அவர் கடிதத்தை முழுதாகப் படிக்கவில்லை. அவர் சொன்னதை நம்பியதில் உங்கள் தவறு எதுவும் இல்லை.'

"அடியில பேரு?" என்று கேட்டாள்.

யோசித்தேன். இந்தப் பலகையில் என் பெயரோடு எத்தனையோ தாள் ஒட்டியிருக்கிறேன். வண்டி நிறுத்துவது, தண்ணீர்த் தொட்டி, சங்க அறிவிப்பில் இருக்கும் பிழைகள். அடியில் என் பெயரைக் கண்டால் மேலே படிக்காமல் போகிறவர்கள்தான் அதிகம். மன்னிப்பை இரண்டு பட்டங்களோடு கேட்பதும் அசிங்கம். யார் எழுதியது என்று தெரிய வேண்டியவர்களுக்கு அந்தக் கடைசிப் பத்தி போதும். அன்று அத்தனை பேரும் அங்கேதான் உட்கார்ந்திருந்தார்கள்.

"வேண்டாம்" என்றேன்.

நாளை காலை, எல்லோரும் வேலைக்கு இறங்குவதற்கு முன், பெயரில்லாமலேயே ஒட்டிவிடுகிறேன்.